ழான் புவீஸ்: பத்து நிமிஷ வேஷத்துல ஒரு முழு மனுஷன்

1980ல பிரான்ஸ்ல சினிமாவுக்கான சேஸார் விருது குடுத்தப்போ சிறந்த துணை நடிகர் விருது ழான் புவீஸ்ங்கற 50 வயசு நடிகருக்கு போச்சு. படம் கூ தெ தெத், 1979ல வந்தது. ஒரு சின்ன ஊரு, அதுல ஒரு ஃபேக்டரி, அந்த ஃபேக்டரி முதலாளியே ஊர் ஃபுட்பால் கிளப்புக்கும் தலைவர், அந்த முதலாளி சிவர்தியேர் வேஷம்தான் புவீஸோடது. படத்துல அவர் வர்ற நேரத்த கூட்டிப் பாத்தா ரொம்ப கம்மி. ஹீரோ பாத்ரிக் தெவேர், படம் முழுக்க அவர் ஓடறாரு, அடி வாங்கறாரு, ஜெயிலுக்கு போறாரு, கோல் போடறாரு. ஆனா படம் முடிஞ்சப்புறம் அந்த ஊர் எப்படி ஓடுது, யாரு யாருக்கு பயப்படறாங்கன்னு யோசிச்சா மனசுல வந்து நிக்கறது புவீஸ்தான்.

இந்த ஒரு நடிகரோட வாழ்க்கைய கேஸா எடுத்து அலசிப் பாக்கணும்னு எனக்கு ரொம்ப நாளா ஆசை, ஏன்னா துணை வேஷம் பண்ற நடிகர்கள பத்தி பேசும்போது எல்லாரும் ஒரே மாதிரி ரெண்டு விஷயம்தான் சொல்றாங்க, ஒண்ணு "முகம் அப்படி அமைஞ்சது", இன்னொண்ணு "சான்ஸ் கிடைச்சிருந்தா பெரிய ஸ்டார் ஆயிருப்பாரு". புவீஸ் விஷயத்துல ரெண்டுமே தப்புன்னு நான் நினைக்கறேன். அவரோட முகம் சாதாரண முகம், பேங்க்லயோ தாலுகா ஆபீஸ்லயோ கவுண்டருக்கு அந்தப் பக்கம் உக்காந்திருந்தா ரெண்டாவது தடவ திரும்பிப் பாக்க மாட்டோம். ஸ்டார் ஆக முடியாம போன சோகக் கதையும் இல்ல இது. அவருக்கு முழு நீள ஹீரோ வேஷம் இருந்துச்சு, ஆனா அது பெரும்பாலும் சினிமால இல்ல, மேடைல.

பொறந்தது 1929 ஜூன் 3, லெ ஹாவ்ர் துறைமுக ஊர்ல. ஆனா வாழ்க்கை அமைஞ்சது லியோன்ல. 1950கள் ஆரம்பத்துல அங்க ரோஜே பிளான்ஷோன்னு ஒரு இளைஞர், இருபது வயசு சுமாரு, நண்பர்கள சேத்துக்கிட்டு ஒரு நாடகக் குழு ஆரம்பிச்சாரு, 1952ல மாரோன்னியே தெருவுல தெயாத்ர் தெ லா கொமெதின்னு ஒரு குட்டி தியேட்டரயும் தொறந்தாங்க. அந்தக் குழுவோட ஆரம்ப கால ஆளுங்கள்ல புவீஸும் ஒருத்தர், இசபெல் சடோயானும் ஒருத்தர், ரெண்டு பேரும் பின்னாடி கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க. அப்போ பிரான்ஸ்ல நடிகர்னா பாரிஸ்தான், பாரிஸ விட்டா வேற கதி இல்ல. ரெண்டாம் உலகப்போர் முடிஞ்சதும் ழான் லோரான்னு ஒரு அதிகாரி அரசாங்கத்துக்குள்ள இருந்துக்கிட்டே மாநில ஊர்கள்ல நாடக மையங்கள உருவாக்க பாடுபட்டாங்க, 1947ல சென்ட்-எத்தியென்ல ழான் தாஸ்தே ஆரம்பிச்சது அப்படி வந்தது. பிளான்ஷோன் குழு அந்த அலையோட அடுத்த தலைமுறைன்னு சொல்லலாம்.

1957ல அவங்க லியோனுக்கு ஒட்டியே இருக்கற வில்லூர்பான்ங்கற தொழிலாளர் ஊருக்கு மாறினாங்க. 1930கள்ல அங்க சோஷலிஸ்ட் மேயர் லசார் கூழோன் காலத்துல உயரமான குடியிருப்புக் கட்டிடங்களும் பெரிய தொழிலாளர் மாளிகையும் கட்டியிருந்தாங்க, அந்த மாளிகைக்குள்ள இருந்த தியேட்டர்தான் இவங்களுக்கு கிடைச்சது. துணி மில்லு, கெமிக்கல் ஃபேக்டரி வேலைக்காரங்கதான் ஊரு முழுக்க. பிளான்ஷோன் ஒரு கேள்வித்தாள் அடிச்சு ஜனங்ககிட்டயே குடுத்து என்ன நாடகம் வேணும்னு கேட்டாரு, அவங்க மூணு மஸ்கெட்டியர்ஸ் வேணும்னாங்க, குழுவும் அதயே போட்டுச்சு, பெரிய ஹிட்டு. அந்த ஹிட்ட வெச்சு உள்ள வந்த கூட்டத்துக்கு பழைய பிரெஞ்சு காமெடி நாடகாசிரியர் மோலியேரும் ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டும் காட்டினாங்க.

பிரெக்ட்தான் இந்தக் கேஸோட சாவின்னு நான் நம்பறேன். பிளான்ஷோன் 1955ல பாரிஸுக்கு வந்த பெர்டோல்ட் பிரெக்ட நேர்ல சந்திச்சவர், அதுக்கு முன்னாடியே 1954ல அவரோட நாடகத்த லியோன்ல மேடையேத்தினவர். பிரெக்ட் நடிகர்கிட்ட கேக்கறது ரொம்ப எளிமையா சொன்னா இதுதான்: நீ காட்டற ஆளோட மனசுக்குள்ள என்ன ஓடுதுன்னு மட்டும் தேடாத, அவன் எந்த இடத்துல நிக்கறான், யாருக்கு மேல யாருக்கு கீழ, காசு யாரு கைல, அவன் கை நீட்டற விதத்துலயே அது தெரியணும். 1958ல பிளான்ஷோன் போட்ட மோலியேரோட ஜார்ஜ் தாந்தான்ல தாந்தான் வேஷம் புவீஸுக்கு. காசு சேத்த ஒரு விவசாயி, பிரபு வீட்டுப் பொண்ண கட்டிக்கறான், மாமனார் வீட்ல அவன மனுஷனாவே மதிக்கல, பொண்டாட்டி ஏமாத்தறா, கடைசில இவனே எல்லார்கிட்டயும் மன்னிப்பு கேக்கறான். வழக்கமா இத வாய்விட்டு சிரிக்கற காமெடியா போடுவாங்க. பிளான்ஷோன் போட்டதுல மேடை வடிவமைச்ச ரெனே அல்லியோ ஒரு முழு பண்ணை வீட்டயே கொண்டு வந்துட்டாரு, பின்னாடி வேலையாளுங்க அவங்க பாட்டுக்கு வேல செஞ்சிட்டு இருப்பாங்க, முன்னாடி அவங்க எஜமான் மேல்குடிகிட்ட அவமானப்படறாரு. அப்போ தாந்தான் ரெண்டு பக்கமும் மாட்டிக்கிட்டவன், கீழ இருக்கறவங்களுக்கு முதலாளி, மேல இருக்கறவங்களுக்கு பட்டிக்காட்டான். அவன் சொல்ற ஒவ்வொரு வாக்கியமும் யாரப் பாத்து சொல்றான்ங்கறத பொறுத்து வேற வேற குரல்ல வரணும். 29 வயசுல இந்தப் பயிற்சி கிடைச்ச ஒரு நடிகருக்கு பின்னாடி வர்ற மந்திரி, நீதித்துறை அதிகாரி, இன்ஸ்பெக்டர், முதலாளி வேஷமெல்லாம் எங்கேருந்து வந்ததுன்னு எனக்கு இங்கதான் விளங்குது.

சினிமாக்கு அவர் போனதும் இந்தக் குழு வழியாத்தான், ஏஜென்ட் வழியா இல்ல. 1962ல அர்மான் காத்தி எழுதின ஒரு நாடகத்த வில்லூர்பான்ல போட்டாங்க, ஒரு குப்பை அள்ளற தொழிலாளியோட கற்பனை வாழ்க்கைய பத்தினது. அதே காத்தி சினிமா எடுக்க கியூபா போனப்போ புவீஸ கூட்டிட்டு போனாரு. அந்தப் படம் 1963ல கான்ஸ் திரைப்பட விழால கியூபா சார்பா போட்டிக்கு போச்சு, தலைப்பு வேஷம் புவீஸுக்கு, ஆனா தியேட்டர் வழியா ஜனங்ககிட்ட அது சரியா போய்ச் சேரல. மேடை வடிவமைச்ச அல்லியோ பின்னாடி டைரக்டர் ஆகி 1965ல பிரெக்டோட ஒரு சிறுகதைய மார்செய் ஊருக்கு மாத்தி படமா எடுத்தாரு, புருஷன் செத்தப்புறம் முதல் தடவையா தனக்காக வாழ ஆரம்பிக்கற ஒரு கிழவியோட கதை, அதுல அவங்களுக்கு நண்பரா வர்ற செருப்பு தைக்கறவர் புவீஸ். ஒரு குழுவுல பத்து வருஷம் கூட வேல செஞ்சவங்க ஒவ்வொருத்தரா சினிமாக்கு போகும்போது இவரயும் இழுத்துக்கிட்டு போயிருக்காங்க. நடுவுல 1964ல ஒரு டின்டின் படத்துல கேப்டன் ஹேடாக்கா தாடி வெச்சுக்கிட்டு கத்தியிருக்காரு, குழந்தைங்க படம், அத இங்க பெருசா ஆராய வேண்டியது இல்ல.

கியூபால இருந்தப்போ அவர் பண்ண இன்னொரு வேஷத்த பத்தி கொஞ்சம் நின்னு பேசணும். சோவியத் டைரக்டர் மிகையில் கலத்தோசோவ் எடுத்த சோய் கூபா, 1964 படம், கேமரா வேலைக்காக இன்னிக்கும் உலகம் பூரா பேசறாங்க. புரட்சிக்கு முன்னாடி இருந்த ஹவானா, நைட் கிளப், அமெரிக்க டூரிஸ்டுங்க. புவீஸ் அதுல ஜிம்ங்கற அமெரிக்கன். கூட இருக்கற நண்பர்கள் ஆட்டம் போடறாங்க, இவன் சாது, மரியாதையா பேசறான், சிலுவைகள சேகரிக்கறது பொழுதுபோக்குங்கறான். கிளப்ல பாத்த பொண்ணோட அவ குடிசைக்கே போறான். காலைல கெளம்பும்போது அவ கழுத்துல கிடக்கற சிலுவைய விலைக்கு கேக்கறான். அவளுக்கு அத விக்க மனசு இல்ல, ஆனா அவளால முடியாதுன்னு சொல்ல முடியற நிலைமையும் இல்ல. அவன் காசு வெச்சுட்டு சிலுவைய எடுத்துக்கறான். குரல் ஒசத்தல, கைய ஓங்கல, இவ்வளவு மென்மையான ஆளு இவ்வளவு பெரிய அசிங்கத்த பண்றான்னு நமக்கு உறைக்கறது அந்த மென்மையாலதான். வெளிய வந்தா சேரி, வழி தெரியல, குழந்தைங்க காசு கேட்டு சூழ்ந்துக்கறாங்க, அவன் அந்த சந்துகள்ல தடுமாறிப் போறான்.

இப்போ இதுக்கு நேர் எதிர்ல 1976ல வந்த மிஸ்டர் க்ளைன வைங்க. டைரக்டர் ஜோசப் லோசி, ஹீரோ அலென் தெலோன், காலம் 1942, ஜெர்மன்காரங்க பிடிச்சு வெச்சிருக்கற பாரிஸ். யூதர்கள் ஊர விட்டு ஓடறதுக்கு காசு தேவைப்பட்டு வீட்ல இருக்கற ஓவியங்கள விக்கறாங்க, க்ளைன் அடிமாட்டு விலைக்கு வாங்கற வியாபாரி. படத்தோட ஆரம்பத்துல ஒருத்தர் ஒரு பழைய டச்சு ஓவியத்த கொண்டு வர்றாரு, அந்த விக்க வந்தவர்தான் புவீஸ். அந்த ஆளுக்கு படத்துல பேர்கூட கிடையாது. தெலோன் வீட்டு உடுப்புல சாவகாசமா இருக்காரு, புவீஸ் கோட்டு போட்டுக்கிட்டு விறைப்பா நிக்கறாரு. குடுக்கற விலை அநியாயம்னு அவருக்கு தெரியும், அநியாயம்னு தெலோனுக்கும் தெரியும், ரெண்டு பேரும் மரியாதையா பேசிக்கறாங்க. புவீஸ் கெஞ்சல, அழல. கெஞ்சியிருந்தா நமக்கு அவர் மேல பரிதாபம் வரும், பரிதாபம் வந்தா ஒருவித நிம்மதியும் கூட வந்துடும், அந்த நிம்மதிய அவர் நமக்கு குடுக்கவே இல்ல. கிளம்பற வாசல்லதான் க்ளைன் பேருக்கு வந்த யூதப் பத்திரிகை ஒண்ணு கிடக்குது, மொத்த கதையும் அங்கேருந்து ஆரம்பிக்குது. ரெண்டு மணி நேரம் கழிச்சு யூதர்கள ஏத்திக்கிட்டு போற ரயில் பெட்டிக்குள்ள க்ளைனும் மாட்டிக்கிட்டு நிக்கும்போது அவன் பின்னாடி நிக்கறது அதே ஓவியம் வித்த மனுஷன், முதல் சீன்ல பேசின அந்தப் பேரம் மறுபடி ஒலிக்குது. கொஞ்ச நேரமே வந்த ஒரு நடிகர் மேல படத்தோட முதல் வாசலயும் கடைசி வாசலயும் லோசி வெச்சிருக்காரு. முதல் சீன்ல அந்த முகம் பதியலன்னா கடைசி சீன் சுத்தமா வேலை செய்யாது.

சோய் கூபால விக்க முடியாதுன்னு சொல்ல வழியில்லாத ஒரு ஏழைகிட்டேருந்து வாங்கறவரு, இங்க அதே மாதிரி வழியில்லாம விக்கறவரு. பன்னெண்டு வருஷ இடைவெளில ஒரே பேரத்தோட ரெண்டு பக்கமும் நின்னிருக்காரு. ரெண்டுலயும் அவர் வெச்சிருக்கற கருவி ஒண்ணுதான், விலை பேசும்போது யாரு அவசரப்படறா, யாரு அவசரப்படலங்கறது. எந்த ஆக்டிங் ஸ்கூல்லயும் கத்துக்கிட்டு ஒரே மாசத்துல வர்ற விஷயம் இல்ல இது, வில்லூர்பான் மேடைல ராத்திரிக்கு ராத்திரி தொழிலாளர் ஜனங்க முன்னாடி நின்னு சரி பாத்து சரி பாத்து வந்தது.

1966லேருந்து 1977 வரைக்கும் உள்ள வருஷங்கள்ல பிரெஞ்சு அரசியல் சினிமா எங்கெல்லாம் போச்சோ அங்கெல்லாம் இவர் இருக்காரு. ஆலன் ரெனேயோட லா கேர் எ ஃபினில ஸ்பெயின் நாட்டு தலைமறைவு கட்சிக்காரர்கள்ல ஒருத்தர். கோஸ்டா-கவ்ராஸோட இசட், 1969, கிரேக்க எம்பி ஒருத்தர் கொலை செய்யப்பட்ட கதை, அல்ஜியர்ஸ்ல ஷூட் பண்ணது, அதுல அடி வாங்கற இன்னொரு எம்பி, பீரூங்கற வேஷம் இவருக்கு. கிளாட் சோதேயோட லே ஷோஸ் தெ லா வீ அரசியல் படம் இல்ல, கார் ஆக்சிடென்ட் ஆகி சாகக் கிடக்கற ஒருத்தரோட மனசுக்குள்ள நடக்கறது, மிஷேல் பிக்கோலி, ரோமி ஷ்னைடர், அதுல பிக்கோலியோட நண்பர். காமெடி பக்கமும் போயிட்டாரு, ஈவ் ரோபேர் எடுத்த, கருப்பு ஷூ ஒண்ணு போட்ட உயரமான மஞ்சத் தலைக்காரன் படத்துக்கு 1974ல வந்த ரெண்டாம் பாகத்துல உளவுத்துறைக்கு மேல உக்காந்திருக்கற மந்திரி. கூட ழான் ரோஷ்ஃபோர் மாதிரி பெரிய கை இருந்தும் இவர் சும்மா கேள்வி கேக்கற விதத்துலயே மத்தவங்க பதறறாங்க.

ஈவ் புவாசேயோட ரெண்டு படம் எனக்கு முக்கியம். 1975ல வந்த துபோன் லாஜுவா, அல்ஜீரியத் தொழிலாளர்கள் மேல பிரெஞ்சு சாதாரண ஜனங்களுக்கு இருந்த வெறுப்ப பத்தினது, லீவுக்கு கேம்ப் போட்ட இடத்துல ஒரு சின்னப் பொண்ணு செத்துப் போறா, பண்ணது அங்க இருக்கற ஒரு பாரிஸ் கஃபே முதலாளி, பழி போறது பக்கத்துல கட்டட வேலை செய்யற அரபுத் தொழிலாளர்கள் மேல, கூட்டமா போய் ஒருத்தர கொன்னுடறாங்க. புவீஸ் விசாரிக்க வர்ற இன்ஸ்பெக்டர் பூலார். உண்மை கிட்டத்தட்ட கைக்கு வந்துடுது, மேலிடத்துலேருந்து மூடுங்கறாங்க, மூடறாரு. இந்த வேஷத்த வேற ஒரு நடிகர் கைல குடுத்திருந்தா ஒண்ணு கோபமான ஹீரோவா ஆக்கியிருப்பாங்க இல்லன்னா வெக்கமில்லாத அயோக்கியனா ஆக்கியிருப்பாங்க. புவீஸ் ரெண்டும் பண்ணல, சம்பளம் வாங்கற, பதவி உயர்வு காத்திருக்கற, நியாயம் தெரிஞ்ச ஒரு அரசாங்க உத்தியோகஸ்தர காட்டினாரு. எனக்கு அந்தப் படத்துலயே ரொம்ப வலிக்கறது கொலைகாரன விட இவர் அடங்கிப் போறதுதான். 1977ல லெ ஜூஜ் ஃபயார், அதுல ஹீரோ தெவேர் துடிப்பான இளம் நீதிபதி, புவீஸ் அவருக்கு மேல இருக்கற அரசுத் தலைமை வழக்கறிஞர். 1975 ஜூலைல லியோன்ல சுட்டுக் கொல்லப்பட்ட நீதிபதி ஃபிரான்சுவா ரெனோவோட கதைய தழுவினது, அதாவது புவீஸோட சொந்த ஊர் கதை மாதிரி. தியேட்டர்ல ஓடும்போது கோர்ட் உத்தரவால ஒரு அமைப்போட பேரு வர்ற இடத்துலெல்லாம் பீப் சவுண்ட் போட்டாங்க.

நடுவுல லெ வியூ ஃபூசி, 1975, பிலிப் நுவாரே ஹீரோ, 1944ல மோன்தோபான் ஊர் டாக்டர், குடும்பத்த ஜெர்மன் படை கொன்னுடுது, தனி ஆளா பழி வாங்கறாரு. புவீஸ் அவரோட நண்பர் ஃபிரான்சுவா. முதல் சேஸார் விழால, 1976ல, அந்தப் படம் சிறந்த படம், நுவாரே சிறந்த நடிகர், துணை நடிகர் பட்டியல்ல புவீஸ் பேரும் இருந்துச்சு, ஆனா அந்த விருது ரோஷ்ஃபோருக்கு போச்சு. அதோட கடைசி சீன்ல எல்லாம் முடிஞ்சு நண்பர் கார்ல வந்து நுவாரேய கூட்டிட்டு போறாரு, நுவாரே தன் பொண்டாட்டி இன்னும் உயிரோட இருக்கற மாதிரியே பேச ஆரம்பிக்கறாரு. பேசறது நுவாரே, கேக்கறது புவீஸ். கேக்கறவர் ஒரு பொட்டு தப்பு பண்ணியிருந்தாலும் அந்த சீன் வெறும் அழுகையா போயிருக்கும்.

நாலு வருஷம் கழிச்சு கூ தெ தெத். டைரக்டர் ழான்-ஜாக் அன்னோ, கதை ஃபிரான்சிஸ் வெபேர், அதே மஞ்சத் தலைக்காரன் படத்துக்கு எழுதின வெபேர், ரெண்டு படத்துலயும் ஹீரோ பேரு ஃபிரான்சுவா பெரான்தான். ஷூட்டிங் ஒசேர் ஊர்ல, அந்த ஊர் கிளப் கோச் கி ரூ ஆலோசனை சொன்னாரு. கதைப்படி ட்ரான்காங்கற ஊர்ல ஸ்டார் பிளேயர் பண்ண குத்தத்துக்கு தெவேர மாட்டி விட்டு ஜெயிலுக்கு அனுப்பறாங்க, அப்புறம் டீமுக்கு ஆள் பத்தலன்னதும் அவரயே வெளிய எடுத்து ஆட வைக்கறாங்க, அவர் கோல் போட்டதும் ஊரே தலைல தூக்கி வெச்சு ஆடுது. சிவர்தியேர் சொல்ற ஒரு விஷயம் பிரான்ஸ்ல ஃபுட்பால் பத்தி பேசற எல்லாரும் இன்னிக்கும் சொல்லிக் காட்டறாங்க: பதினோரு முட்டாள்களுக்கு நான் சோறு போடறதே எண்ணூறு பேர அடக்கி வைக்கத்தான்ங்கற அர்த்தத்துல ஒண்ணு. புவீஸ் அத பஞ்ச் டயலாக்கா சொல்லல. கணக்கு சொல்ற மாதிரி சொல்றாரு. எண்ணூறு தொழிலாளி, பதினோரு ஆட்டக்காரங்க, செலவு இவ்வளவு, வரவு இவ்வளவு. ஒரு முதலாளி தனக்குள்ள எப்படி யோசிப்பாரோ அப்படியே வெளிய வருது, அதான் பயமா இருக்கு. வில்லூர்பான் மில் தொழிலாளிங்க முன்னாடி இருபது வருஷம் நின்னவருக்கு முதலாளிங்க எப்படி பேசுவாங்கன்னு அந்த ஜனங்க காதால கேக்கத் தெரிஞ்சிருந்துச்சு.

டிவிய பத்தி சொல்லாம இந்தக் கேஸ் முழுசாகாது, ஆனா அதுக்கு அவரோட குழுவுலேருந்தே இன்னொருத்தர பாக்கறது நல்லது. ஜாக் தெபாரி, பிளான்ஷோன் 1962ல போட்ட மோலியேர் நாடகம் தார்த்தூஃப்ல ஓர்கோன் வேஷம் பண்ணவர். அவர் டிவி பக்கம் போனாரு. 1958ல ஆரம்பிச்ச லே சாங்க் தெர்னியேர் மினூத்ங்கற போலீஸ் சீரியல், ரொம்ப வருஷமா ரேமோன் சூப்லே இன்ஸ்பெக்டரா இருந்தாரு, அவர் காலமானப்புறம் 1975லேருந்து 1992 வரைக்கும் தெபாரிதான் கமிஷனர் கப்ரோல். பிரான்ஸ்ல வீட்டுக்கு வீடு தெரிஞ்ச முகம், ரோட்ல நடந்தா கமிஷனர்னுதான் கூப்பிடுவாங்க, தார்த்தூஃப் யாருக்கும் ஞாபகம் இருக்காது. ஒரே குழு, ஒரே பயிற்சி, ஆனா டிவி ஒருத்தருக்கு ஒரே ஒரு வேஷத்த பதினேழு வருஷம் குடுத்துச்சு, சினிமா இன்னொருத்தருக்கு டஜன் கணக்குல வேஷம் குடுத்து பேர மட்டும் குடுக்கல. எது நல்லதுன்னு தீர்ப்பு சொல்ல நான் வரல. மாசச் செலவுக்கும் மன நிம்மதிக்கும் டிவி வழி நல்லது, நடிப்புங்கற கலைக்கு புவீஸ் போன வழில ஆழம் அதிகம்ங்கறது என் கணிப்பு.

காசு விஷயத்தயும் பாக்கணும், ஏன்னா பிரான்ஸ்ல இந்த மாதிரி நடிகர்கள் தாக்குப் பிடிக்கறதுக்கு பின்னாடி சட்டம் இருக்கு. வேல விட்டு விட்டு வர்ற கலைஞர்களுக்கு தனி வேலையில்லாக் கால உதவித் திட்டம், முதல்ல 1936ல சினிமா டெக்னீஷியன்களுக்கு வந்தது, 1960கள்ல நடிகர்களுக்கும் வந்துச்சு. இன்னிக்கு நிலைமைல 12 மாசத்துல 507 மணி நேரம் வேல காட்டணும், ஒரு நாள் சம்பளச் சீட்டு ஒண்ணுக்கு 12 மணி நேரம்னு கணக்கு, அதாவது வருஷத்துக்கு 43 சீட்டு சேந்தா மீதி நாளுக்கு உதவித் தொகை. 2003ல இந்த விதிகள இறுக்கினப்போ கலைஞர்கள் ஸ்ட்ரைக் பண்ணி அவிஞ்ஞோன் நாடக விழாவே ரத்தாச்சு. ஸ்டாருக்கு இந்த 43 ஒரு பொருட்டே இல்ல, ரெண்டு நாள் ஷூட்டிங், மூணு நாள் ஷூட்டிங்னு வர்ற துணை நடிகருக்குதான் ஒவ்வொரு சீட்டும் உயிர். அப்புறம் 1985 ஜூலை 3ல வந்த சட்டம், நடிகரோட நடிப்புக்கும் ஒரு உரிமை உண்டுன்னு எழுதி வெச்சது. அந்த உரிமைக்கு வர்ற காசுல டைட்டில்ல பேர் வர்ற நடிகர்களோட பங்க அதாமிங்கற சங்கம் வசூலிச்சுப் பிரிச்சுக் குடுக்குது, பேர் வராதவங்களுக்கு இன்னொரு சங்கம், கூட்டத்துல சும்மா நிக்கறவங்களுக்கு மட்டும் இந்த உரிமை இல்ல. டிவில பழைய படங்கள திரும்பத் திரும்ப போடற நாட்டுல பேர் டைட்டில்ல இருக்கா இல்லையாங்கறது கௌரவப் பிரச்சனை மட்டும் இல்ல, பென்ஷன் மாதிரி வர்ற காசு. புவீஸுக்கு இந்தச் சட்டத்தோட பலன அனுபவிக்க நாலே வருஷம்தான் கிடைச்சது, ஆனா அவரோட ஆதாரம் ஆரம்பத்துலேருந்தே வேற, மேடை, நிலையான குழு. 1972ல பாரிஸ் சாயோல இருந்த தேசிய மக்கள் நாடக அரங்குங்கற பேரயே அரசாங்கம் வில்லூர்பானுக்கு மாத்திக் குடுத்துச்சு, பிளான்ஷோன், பாத்ரிஸ் ஷேரோ, ரோபேர் ழில்பேர் மூணு பேர் தலைமைல. அப்படி ஒரு வீடு இருந்தா எந்த சினிமா வேஷத்தயும் பயந்து ஒத்துக்க வேண்டியதில்ல, சின்ன வேஷத்தயும் வெக்கப்படாம எடுத்துக்கலாம்.

சேஸார் வாங்கி மூணு வருஷத்துல அவர் எடுத்த முடிவு எனக்கு ரொம்ப பிடிச்சது. லூக் பெசோன்ங்கற இருபத்தஞ்சு வயசுகூட ஆகாத பையன், முதல் படம், கருப்பு வெள்ளை, கைல காசு இல்ல, உலகம் அழிஞ்சப்புறம் மனுஷங்களுக்கு பேச்சே வராம போன கதை. லெ தெர்னியே கோம்பா, 1983. வசனமே இல்லாத படத்துல நாடக மேடைலேருந்து வந்த, குரலாலயே பேர் வாங்கின நடிகர் வயசான டாக்டரா நடிச்சாரு. படத்துல கேக்கற ஒரே வார்த்தை அவருக்கும் பியேர் ழோலிவேக்கும் நடுவுல வருது, ஒரு வாயுவ இழுத்துட்டு ரெண்டு பேரும் கஷ்டப்பட்டு "போன்ழூர்"னு சொல்றாங்க. வாய் எப்படி வெச்சுக்கணும்னு மறந்து போன ஒரு ஆளு மறுபடி ஒரு வணக்கம் சொல்ற சந்தோஷம் அந்த முகத்துல வருதே, அதுக்காகவே அந்தப் படத்த பாக்கலாம். முரடனா வர்ற ழான் ரெனோ அப்போ யாருக்கும் தெரியாத நடிகர். அதுக்கப்புறம் பெசோன் இவர விடல, 1985ல சப்வேல ஸ்டேஷன் அதிகாரி, 1988ல லெ கிரான் ப்ளூல ஹீரோவோட லூயி மாமா. லெ கிரான் ப்ளூவ பிரான்ஸ்ல 90 லட்சம் பேருக்கு மேல தியேட்டர்ல பாத்தாங்க, அதாவது அவர் முகத்த பாத்தவங்க எண்ணிக்கை அவரோட பழைய படங்கள விட ரொம்ப அதிகம், அதுலயும் இளவட்டம் நிறைய, அவங்களுக்கு இவர் வெறும் மாமா. நிகிதால ஒரு தூதரக அதிகாரி, அது 1990 பிப்ரவரில ரிலீஸ் ஆனப்போ அவர் உயிரோட இல்ல. 1989 ஜூலை 6, லியோன்ல, 60 வயசுல காலமானாரு.

ஒரு எதிர்வாதம் வரும், அதயும் பாத்துடலாம். இது புவீஸோட திறமையா இல்ல அந்தக் காலத்தோட அதிர்ஷ்டமா? அரசாங்கம் மாநில நாடகத்துக்கு காசு குடுத்த காலம், அரசியல் சினிமாக்கு ஜனங்க டிக்கெட் வாங்கின காலம், அந்த ரெண்டும் சேர்ந்த இடத்துல அவர் நின்னாருங்கறது உண்மைதான். ஆனா அதே இடத்துல நிறைய பேர் நின்னாங்க, எல்லாருக்கும் லோசி தன் படத்தோட ரெண்டு முனையயும் குடுக்கல. காலம் கதவ தொறந்துச்சு, உள்ள வந்து என்ன பண்ணணும்னு தாந்தான் மேடைல கத்துக்கிட்டு வந்தவர் அவர்.

அவர் மனைவி இசபெல் சடோயான் கேஸ் இன்னும் நீளமானது, தனியாவே எழுதணும். 1982ல மார்த்தான் கேர்ங்கறவர் திரும்பி வந்த கதைய சொல்ற படத்துல கிராமத்துப் பெண்மணி, 2008ல ஒலிவியே அஸ்ஸயாஸோட லேர் தேத்தேல வயசான வேலைக்கார அம்மா எலோயிஸ், பணக்கார வீட்டு சொத்து பிரிக்கறப்போ ஞாபகத்துக்கு ஒரு பூச்சாடி எடுத்துக்க சொல்றாங்க, விலை கம்மின்னு நினைச்சு அவங்க எடுக்கற சாடிதான் உண்மைல விலை அதிகம். மறுபடியும் ஒரு பொருள், ஒரு விலை, அந்த விலைய தெரிஞ்சவங்க, தெரியாதவங்க. 2017 வரைக்கும் இருந்தாங்க, எண்பது தாண்டியும் மேடை ஏறினாங்க.

பாக்கணும்னு நினைக்கறவங்க கூ தெ தெத்ல ஆரம்பிங்க, சிரிச்சுக்கிட்டே பாக்கலாம். அடுத்து சோய் கூபாவோட முதல் கதை மட்டும், அடுத்த நாளே மிஸ்டர் க்ளைன், இந்த ரெண்டயும் பக்கத்துல பக்கத்துல பாக்கறது முக்கியம். துபோன் லாஜுவா மனச ரொம்ப கெடுக்கும், அதுக்கு தயாரா இருக்கற நாள்ல பாருங்க.